தெருமுனையில் நிற்கும் அடி

ஜனவரி 8, திங்கள்

விமானம் இரண்டு மணி நேரம் தாமதம். பெயர் எழுதிய அட்டையைத் தூக்கிப் பிடித்தே கை மரத்துவிட்டது. வில்ஃப்ரீட் தோமெல். எழுபத்தைந்து வயது. ஜெர்மன் ஜாஸ் டிரம்மர், இசையமைப்பாளர். கலை மையத்தில் கொடுத்த தாளில் அவருடைய ஐம்பது வருடங்களும் ஒரே பக்கத்தில் அடங்கியிருந்தன. நாற்பது இசைத்தட்டுகள், ஆறு விருதுகள், கிழக்கு ஜெர்மனியில் பிறப்பு. 1976 முதல் 1981 வரை ஒன்றுமே இல்லை. அந்த ஐந்து வருடம் என்ன செய்தார் என்று போடவில்லை. போடாததுதான் எனக்கு முதலில் கண்ணில் படும்.

பெரிய பெட்டிகளை டிரைவரிடம் கொடுத்தார். குச்சிகள் இருந்த நீளப் பையை மட்டும் கொடுக்கவில்லை.

"உங்கள் ஜெர்மன் நன்றாக இருக்கிறது. எங்கள் நாட்டுக்கு வந்திருக்கிறீர்களா?"

"இரண்டு முறை விசா மறுத்தார்கள்."

சிரித்தார். இதில் சிரிக்க என்ன இருக்கிறது?

மூன்று வாரம் இவருக்கு நான் மொழிபெயர்ப்பாளர். இங்குள்ள பேண்டு செட் ஆட்களோடு சேர்ந்து புதிதாக ஒன்றை உருவாக்கி 28ஆம் தேதி மேடையேற்றுவார். அது இசைத்தட்டாகவும் வரும். மையத்தின் இயக்குநர் ரோகிணி மேடம் என்னைத் தனியாக அழைத்தார்.

"ஜெசி, டெய்லி சாயங்காலம் எனக்கு ஒரு சின்ன நோட் மெயில் பண்ணிடு. சார் எங்க போனார், யாரைப் பார்த்தார், என்ன பேசினார். கெஸ்ட்டோட சேஃப்டிக்காகத்தான். ஏப்ரல்ல பர்மனென்ட் போஸ்ட் ஒண்ணு வருது, ஞாபகம் இருக்கில்ல?"

ஞாபகம் இருக்கிறது. முதல் குறிப்பை அனுப்பிவிட்டேன். ஆறு வரி.

ஜனவரி 9, செவ்வாய்

பேண்டு செட் வந்தது. புளியந்தோப்பு ஆட்கள், ஐந்து பேர். கல்யாணத்துக்கும் வாசிப்பார்கள், சாவுக்கும் வாசிப்பார்கள். தலைவர் பாக்கியநாதன், சைடு டிரம். பெரிய டிரம் எத்திராஜ். மற்ற மூவர் ஊதுகிறவர்கள்.

செக்யூரிட்டி அவர்களைப் பின்கேட் வழியாக வரச் சொன்னான். பின்கேட்டில் குப்பைத் தொட்டி. எங்களுக்குப் பீங்கான் கோப்பையில் காபி, அவர்களுக்குக் காகிதக் கப்பில் டீ. தோமெல் ஒரு காகிதக் கப்பை எடுத்துக்கொண்டு போய் அவர்களோடு தரையில் உட்கார்ந்தார். மேடம் அதைப் போட்டோ எடுத்தார். ஐந்து நிமிடத்தில் அது மையத்தின் இணையப் பக்கத்தில் ஏறிவிட்டது. எல்லாம் நாடகம். வெள்ளைக்காரன் தரையில் உட்கார்ந்தால் செய்தி. அவர்கள் பிறந்ததிலிருந்து தரையில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள்.

பாக்கியநாதன் என்னை இரண்டு முறை உற்றுப் பார்த்தார். நான் தோமெல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

ஜனவரி 10, புதன்

தண்ணீர் லாரி வரவில்லை. அம்மா நான்கு குடத்தோடு அடுத்த தெருவுக்குப் போய் வந்து முழங்கால் வலி என்கிறாள். வேலை கிடைத்ததும் வேறு இடம் பார்க்க வேண்டும். மையத்தில் என் வீடு பெரம்பூர் என்று சொல்லியிருக்கிறேன். பெரம்பூர் பக்கத்தில்தானே இருக்கிறது.

ஜனவரி 11, வியாழன்

தோமெல் இன்று தன் கதையைச் சொன்னார். அப்பா சுரங்கத் தொழிலாளியாம். சுரங்கத்துக்கென்று ஒரு பேண்டு இருந்ததாம். பதினொரு வயதில் அதில் சைடு டிரம் வாசிக்க ஆரம்பித்தாராம். முதன்முதலில் வாசித்ததே சாவு ஊர்வலத்தில்தானாம், சுரங்கம் இடிந்து செத்த மூன்று பேருக்கு.

நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் எத்திராஜ் கைதட்டினார். "அட, தொர நம்ம ஜாதிப்பா!"

எல்லோரும் சிரித்தார்கள். "என்ன சொன்னார்?" என்று தோமெல் கேட்டார். "மகிழ்ச்சி என்கிறார்" என்றேன்.

எவ்வளவு வசதியான ஒற்றுமை! யாரோடு வாசிக்க வந்தாரோ அவர்களுக்கு ஏற்ற ஒரு பால்யம். பிரேசிலுக்குப் போனால் அங்கே ஒன்று சொல்வார். குறிப்பில் எழுதினேன்: "விருந்தினர் தன் இளமை பற்றிச் சொல்வது சரிபார்க்கப்பட வேண்டியது."

ஜனவரி 12, வெள்ளி

இன்று நடந்ததை முழுதாக எழுத வேண்டும்.

தோமெலின் கேள்வி: நடக்கும்போது நீங்கள் வாசிப்பதில் நடுவில் பெரிய டிரம் திடீரென்று நின்றுவிடுகிறது, மறுபடி எப்போது தொடங்க வேண்டும் என்று எப்படித் தெரிகிறது?

பாக்கியநாதன் சொன்னார்: "சாவு ஊர்வலம் முனை திரும்புதுன்னு வச்சிக்க. முன்னாடி போறவன் திரும்பிட்டான். பின்னாடி வர்றவன் இன்னும் அந்தத் தெருவுலதான் கீறான். உடனே அடிச்சிக்கினு போனா அவன் தனியா நிப்பான். அதனால எத்திராஜு பெரிய டிரம்ம நிறுத்திடுவான். நான் மட்டும் ஓரத்துல டிக்கு டிக்குன்னு தட்டிக்கினு நிப்பேன். கடைசி ஆளு முனை திரும்புனப்புறந்தான் அவன் மறுபடி போடுவான். எங்க செட்ல மட்டுந்தான் இது. எங்க நைனா வச்சது."

"எத்தனை அடி நிற்பீர்கள்?" என்றார் தோமெல்.

"கூட்டம் எவ்ளோவோ அவ்ளோ. நாதியத்தவன் சாவுன்னா நாலு அடி."

"வட்டச் செயலாளர் செத்தப்ப," என்று எத்திராஜ் குறுக்கிட்டார், "நானு போய் டீ குட்ச்சிட்டு வந்துட்டேன். இன்னும் திரும்பிக்கினே இருந்தானுங்க!"

தோமெல் எழுந்து நின்றுவிட்டார். "ஐம்பது வருடம் நான் எண்ணிக்கொண்டே வாசித்தேன்," என்றார். "இவர்கள் எண்ணவில்லை. திரும்பிப் பார்க்கிறார்கள்."

உடனே பையிலிருந்து சிறிய கறுப்பு நோட்டை எடுத்து எழுத ஆரம்பித்தார். அவர் எழுதுவதைப் பாக்கியநாதன் சிரித்துக்கொண்டே பார்த்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. மசாலாவையும் மஸ்லினையும் இப்படித்தான் எழுதி எடுத்துப் போனார்கள்.

ஜனவரி 13, சனி

தோமெல் என்னிடம் சொல்லாமல் ஆட்டோ பிடித்து எங்கோ போய்விட்டார். நான்கு மணி நேரம். கேட்டால், "நடந்தேன்." எங்கே? "தெருக்களில்." குறிப்பில் எழுதினேன்.

ஜனவரி 15, திங்கள். பொங்கல்

பதினொரு மணிக்கு எங்கள் தெருவில் சாவு போனது. விறகுத் தொட்டி வைத்திருந்த கன்னியப்பன். பண்டிகை நாளானாலும் கூட்டம் இருந்தது. பேண்டு சத்தம் கேட்டு ஜன்னலைத் திறந்தேன். பாக்கியநாதன் செட். அவர்களுக்குப் பின்னால், பூ விழுந்த தலையோடு, செருப்பில்லாமல், தோமெல்.

ஜன்னலைச் சாத்தினேன்.

"யாருடி அந்த வெள்ளைக்காரன்?" என்றாள் அம்மா.

"எனக்கெப்படித் தெரியும்?"

"கன்னியப்பனுக்கு வெள்ளைக்காரனெல்லாம் சிநேகிதமா?"

அவர்கள் முனை திரும்பும்வரை கதவைத் திறக்க விடவில்லை. பெரிய டிரம் நின்றது. ஓரத்தில் தட்டும் சத்தம் மட்டும் வெகுநேரம் கேட்டது.

மேடத்துக்கு எழுதினேன்: "விருந்தினர் புளியந்தோப்பில் சவ ஊர்வலம் ஒன்றில் நடந்ததாகத் தகவல்."

ஜனவரி 17, புதன்

மேடம் தோமெலை அழைத்து, அந்தப் பகுதி பாதுகாப்பானதல்ல, இனி வண்டி இல்லாமல் போக வேண்டாம் என்றார். நான்தான் மொழிபெயர்த்தேன். "பாதுகாப்பானதல்ல" என்பதை ஜெர்மனில் சொல்லும்போது என் குரல் சரியாகத்தான் இருந்தது. அவர் மேடத்தைப் பார்க்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மதியம் கைகழுவும் இடத்தில் பாக்கியநாதன் என் பக்கத்தில் வந்து நின்றார்.

"நீ ஃபிட்டர் அருமைராஜு பொண்ணுதான?"

தண்ணீரைத் திறந்துவிட்டேன்.

"ஜெசிந்தாதான? உங்க நைனாவுக்கு நாங்கதான் அடிச்சோம். நல்ல கூட்டம். நெருக்கி நாப்பது அடி நின்னான் எத்திராஜு."

"இங்க யார்கிட்டயும் சொல்லாதீங்க."

"எத்த?"

"நான் அங்கதான் இருக்கேன்னு."

கையைக் கழுவிக்கொண்டார். "சரிம்மா," என்றார். பிறகு, "நாங்க இருக்கோமே, அத்த யாருகிட்ட சொல்லாம இருக்கறது?"

கோபம் வந்தது. யார் மேல் என்று எழுதத் தோன்றவில்லை.

ஜனவரி 19, வெள்ளி

ஒரு வாரமாக ஒரே சிக்கல். மேடையில் தெரு கிடையாது. முனை கிடையாது. கடைசி ஆள் கிடையாது. அப்படியிருக்கப் பெரிய டிரம் எவ்வளவு நேரம் நிற்பது? தோமெல் எட்டு என்றார், பதின்மூன்று என்றார், சரிவரவில்லை. "பொய்யாக இருக்கிறது," என்று தானே குச்சியைக் கீழே வைத்தார்.

பாக்கியநாதன் நான்கு மணிக்கு வந்தார். ஒரு சாவில் வாசித்துவிட்டு நேராக வந்திருக்கிறார், குடித்திருந்தார். கண் சிவந்திருந்தது. கொஞ்ச நேரம் சுவரில் சாய்ந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

"தொரைகிட்ட சொல்லும்மா. ஜனங்கள எழுப்பி நிக்க வையின்னு."

"எந்த ஜனங்கள?"

"டிக்கெட் வாங்கினு வந்து குந்திக்கினு இருப்பானுங்களே, அவனுங்கள. நாங்க முன்னாடி வாசிச்சிக்கினு இருப்போம். அப்பிடியே நடந்து அவனுங்க முதுகுப் பக்கம் போவோம். எல்லாம் எழுந்து திரும்பணும். கடைசி ஆளு திரும்புற வரைக்கும் எத்திராஜு நிக்கட்டும். அவனுங்கதான் ஊர்வலம். முனைய நாம கொண்டாரணும்பா!"

சொன்னேன். தோமெல் எழுந்து வந்தார். பிறகு பாக்கியநாதனின் இரண்டு கைகளையும் பிடித்துக் குலுக்கினார். "இதுதான். மற்றதெல்லாம் அலங்காரம்."

நோட்டில் எழுதினார். எழுதிக்கொண்டே இருக்கிறார் மனிதர்.

என் குறிப்பு: "பேண்டு தலைவர் மது அருந்திவிட்டு நான்கு மணிக்கு வந்தார். பார்வையாளர் எழுந்து திரும்ப வேண்டும், கடைசி ஆள் திரும்பும்வரை பெரிய டிரம் நிற்க வேண்டும் என்று யோசனை சொன்னார். விருந்தினர் ஏற்றுக்கொண்டார். இந்த ஆட்களின் நேர ஒழுங்கு நம்பத்தக்கதல்ல."

ஜனவரி 22, திங்கள்

தோமெல் ஒலிப்பதிவு அறைக்குப் போயிருந்தபோது கறுப்பு நோட்டைத் திறந்து பார்த்தேன். கோடுகள், வட்டங்கள், நடுநடுவே ஒற்றை எழுத்துகள். யாருக்கும் புரியாதபடி எழுதியிருக்கிறார். நேர்மையான மனிதனுக்கு ரகசிய எழுத்து எதற்கு? இரண்டு பக்கம் படம் எடுத்து அனுப்பினேன். மேடம் "சூப்பர்" என்று பதில் போட்டார்.

இவர் திருடுகிறார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பாக்கியநாதன் அப்பா தெருவில் கண்டுபிடித்ததை ஊருக்கு எடுத்துப் போய்த் தன் பெயரைப் போட்டுக்கொள்வார். ஏழாவது விருது.

ஜனவரி 24, புதன்

பழைய ஜெர்மன் பத்திரிகை ஒன்றில் கிடைத்தது. எழுபதுகளில் தோமெலின் நால்வர் குழுவில் ஒருவர் அரசாங்க ரகசியப் போலீசுக்கு உளவு சொன்னாராம். பெயர் போடவில்லை. தாளில் காணாமல்போன ஐந்து வருடம் நினைவுக்கு வந்தது. நான்கு பேரில் ஒருவர்.

குறிப்பு: "விருந்தினர் முன்பு உளவாளியாக இருந்திருக்க வாய்ப்புண்டு." அனுப்பியதும் இருமல் மருந்து வாங்கிக்கொண்டு போய் அவரிடம் கொடுத்தேன். இரண்டு நாளாக இருமுகிறார். அதையும் முந்தைய குறிப்பில் எழுதியிருந்தேன்.

ஜனவரி 25, வியாழன்

மதிய உணவின்போது தோமெல் சொன்னார்: "ரோகிணி என் இருமல் எப்படி இருக்கிறது என்று விசாரித்தார். அவர் முன்னால் நான் ஒருமுறைகூட இருமியதில்லை. அக்கறையானவர்."

நான் சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்தேன்.

பிறகு, நான் கேட்காமலே, ஒரு கதை. அவர் நாட்டில் அப்போது மேடையேறி வாசிக்க உரிமம் வேண்டும். ஒரு குழு உட்கார்ந்து கேட்டுவிட்டுத் தரம் பிரித்து அட்டை கொடுக்கும். 1976இல் அவர் அட்டையைப் பறித்தார்கள். ஐந்து வருடம் ஆலை உணவகங்களில் வேறொருவர் பெயரில் நடனத்துக்கு வாசித்திருக்கிறார். பதிவான நாடாக்களை வானொலி அழித்துவிட்டது. பெர்லின் சுவர் விழுந்த பிறகு, ரகசியப் போலீஸ் தன்னைப் பற்றி வைத்திருந்த கோப்பைப் போய்ப் படித்தார். ஒன்பது வருடம் அவரைப் பற்றி எழுதிக் கொடுத்தவர் ஹோர்ஸ்ட், அவர் குழுவிலேயே பாஸ் என்ற பெரிய தந்தி வாத்தியம் வாசித்தவர். தோமெலின் மகளுக்கு ஞானத்தந்தை.

"என் சாப்பாடு, என் சண்டை, என் மனைவியின் அழுகை எல்லாம் எழுதியிருந்தான். பாதி பொய். ஆனால் அவன் இசைக்காரன். கச்சேரி பற்றி எழுதும்போது மட்டும் அவனால் பொய் சொல்ல முடியவில்லை. மூன்றாவது பாட்டு ஏழு அடி, டிரம்மர் ஐந்தில் நிறுத்துகிறான், கிளாரினெட் தாமதமாக வருகிறது. அப்படியே எழுதியிருந்தான். அழிந்துபோன நான்கு படைப்புகளை அந்த உளவுக் குறிப்பை வைத்துத்தான் மறுபடி எழுதினேன்."

"அவரை மன்னித்துவிட்டீர்களா?"

"இல்லை. ஆனால் நல்ல காது அவனுக்கு." தட்டைத் தள்ளி வைத்தார். "எழுதுகிறவன் எதற்காக எழுதினாலும், நடந்ததை நடந்தபடி எழுதியிருந்தால் அது என்றாவது யாருக்காவது உதவும்."

இதை எதற்கு என்னிடம் சொன்னார்? தான் யோக்கியன் என்று காட்டவா? இன்றைய குறிப்பில் இந்தப் பேச்சைச் சேர்க்கவில்லை. நீளமாகிவிடும்.

ஜனவரி 28, ஞாயிறு

அரங்கு நிறைந்தது. பட்டும் கதரும் சென்ட் வாசனையும். பேண்டு ஆட்களுக்குச் சிவப்புச் சட்டை தைத்திருந்தார்கள், அளவு பார்க்காமல். எத்திராஜின் வயிற்றுப் பித்தான் நிற்கவில்லை.

ஆனால் வாசிப்பு. என்னவென்று எழுத. அவர்கள் நடந்து பின்பக்கம் வந்தார்கள், பெரிய டிரம் நின்றது, பாக்கியநாதன் ஓரத்தில் தட்டிக்கொண்டு நின்றார். ஜனங்கள் ஒவ்வொருவராக எழுந்து திரும்பினார்கள். முதலில் சிரித்தார்கள். முன்வரிசையில் யாரோ பெரிய அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்றவர், எழமாட்டேன் என்று உட்கார்ந்திருந்தார். எத்திராஜ் குச்சியைத் தூக்கிப் பிடித்தபடி அவர் முதுகையே பார்த்தார். அறுபது அடி இருக்கும். எண்பது. சிரிப்பு அடங்கிவிட்டது. இருநூறு பேரும் அந்த ஒரு முதுகைப் பார்த்தார்கள். கடைசியில் அவர் எழுந்தார், திரும்பினார். பெரிய டிரம்மின் அடி விழுந்தது.

முடிந்ததும் தோமெல் ஒலிவாங்கியில் பேசினார். மேடம் பக்கவாட்டில் நின்று என்னைப் பார்த்தார். தோமெல் நீளமாகப் பேசினார். நான் சுருக்கமாகச் சொன்னேன்.

ஜனவரி 30, செவ்வாய்

தோமெல் கிளம்பினார். விமான நிலையத்தில் ஐந்து பேரும் வந்து வாசித்தார்கள், போலீஸ்காரர் விரட்டினார். தோமெல் எனக்குக் கை கொடுத்தார். ஏதாவது சொல்வார் என்று நினைத்தேன். சொல்லவில்லை. இருபத்தொன்றாவது குறிப்பு, கடைசிக் குறிப்பு, அனுப்பியாயிற்று.

பிப்ரவரி 5, திங்கள்

தண்ணீர் வந்தது. அலுவலகத்தில் ஒரு கையெழுத்து.

பிப்ரவரி 12, திங்கள்

நிகழ்ச்சி ஒருங்கிணைப்பாளர். ஆறு மாதம் தகுதிகாண் காலம், பிறகு நிரந்தரம். அம்மா அந்தத் தாளை மாதா படத்துக்கு முன்னால் வைத்துவிட்டு அழுதாள். ஏப்ரலுக்குக் காத்திருக்க வேண்டியிருக்கவில்லை, மேடம் முன்கூட்டியே கொடுத்துவிட்டார். வேலையில் நான் நேர்மையாக இருந்ததற்கு.

பிப்ரவரி 20, செவ்வாய்

ஒன்றுமில்லை.

மார்ச் 1, வெள்ளி

இசைத்தட்டு உறையின் மாதிரி அச்சாகி வந்தது. பாக்கியநாதன் வந்திருந்தார், எப்போது வரும் என்று கேட்க. முன்கேட்டில் நின்றார். செக்யூரிட்டி பின்பக்கம் போகச் சொல்லியும் நகரவில்லை என்பதால் என்னைக் கூப்பிட்டார்கள். மாதிரி என் கையிலேயே இருந்தது. ஒளிக்கத் தோன்றவில்லை, அல்லது நேரமில்லை.

வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, இங்கிலீஷை எழுத்துக் கூட்டிப் படித்தார். மாநகராட்சிப் பள்ளியில் பத்தாவது வரை.

"முனை. இசையமைப்பு வில்ஃப்ரீட் தோமெல். சரி. கூட வாசித்தவர்கள்," விரலை வைத்தார். "சென்னை உள்ளூர்த் தாளக் குழுவினர்." தலையைத் தூக்கினார். "இந்த லோக்கல்னு போட்டுக்கிறது நாந்தானம்மா?"

"ஆமா."

"எத்திராஜு?"

"எல்லாரும் சேர்த்து."

"அஞ்சு பேருக்கு ஒரே சொல்லா. மிச்சம் பிடிச்சிக்கினாங்க." உறையைத் திருப்பிக் கொடுத்தார். "தொர அப்பிடிப்பட்டவரு இல்லியே. அன்னிக்கி மைக்ல என் பேர சொன்னாரே, நான் கேட்டேனே."

"ஜெர்மன்காரங்கள நம்ப முடியாது," என்றேன்.

அவர் போய்விட்டார். மேடத்திடம் போய் நின்றேன். ஏன் பெயர்கள் இல்லை என்று கேட்டேன். கேட்டேன் என்பதை இங்கே பதிவு செய்கிறேன்.

"கிரான்ட்டே தோமெலோட புது வொர்க்குன்னு வாங்கினது ஜெசி. அவர் எழுதின ஸ்கோர் இருக்கு. இவங்ககிட்ட என்ன இருக்கு? ஒரு பேப்பர் இருக்கா? அதோட, நீயேதான் சைன் பண்ணிருக்க."

மார்ச் 4, திங்கள்

தோமெல் தொலைபேசினார். மொட்டைமாடிப் படிக்கட்டில் நின்று பேசினேன்.

உறையின் மாதிரி அவருக்கும் போயிருக்கிறது. ஐந்து பேர் பெயரும், படைப்பாளர் இடத்தில் பாக்கியநாதன் பெயர் முதலிலும் வர வேண்டும் என்று அவர் மையத்துக்கு மூன்று கடிதம் எழுதியிருக்கிறார். நான் பார்த்த ரகசிய எழுத்துகளில் 'B' என்பது பாக்கியநாதன், 'E' என்பது எத்திராஜ். ஒவ்வொரு அடிக்கும் பக்கத்தில் அதைச் சொன்னவரின் முதலெழுத்து. மையம் அந்த நோட்டிலிருந்து இசைக்குறிப்பைத் தட்டச்சு செய்தபோது அந்த எழுத்துகளை விட்டுவிட்டது.

"நான் சொல்வதைப் பெருந்தன்மை என்கிறார்கள், ஜெசிந்தா. வயதான கலைஞரின் பெருந்தன்மை. சாட்சியாக எடுத்துக்கொள்ள மாட்டேன் என்கிறார்கள். இரண்டு மொழியும் தெரிந்து அந்த அறையில் இருந்தவர் ஒரே ஒருவர். படைப்பு முழுவதும் நான் வருவதற்கு முன்பே எழுதப்பட்டது என்று அவர் பிப்ரவரி ஐந்தாம் தேதி கையெழுத்துப் போட்டிருக்கிறார்."

ஒரு படி கீழே இறங்கினேன்.

"மேடையில் நான் ஐந்து பெயர் சொன்னேன். உங்கள் வாயில் ஒன்றுகூட வரவில்லை. பெயர்களுக்கு மொழிபெயர்ப்பு தேவையில்லையே."

இருமினார். இன்னும் இருமுகிறார்.

"வியாழக்கிழமை மாலை அச்சுக்குப் போகிறது. நீங்கள் தினமும் எழுதினீர்கள். தேதியோடு. என்னிடம் அனுப்புங்கள். என்னைப் பற்றி என்ன எழுதியிருந்தாலும் பரவாயில்லை. எனக்குப் பழக்கம்தான்."

மார்ச் 5, செவ்வாய்

விடுப்பு சொல்லிவிட்டு இருபத்தொன்றையும் படித்தேன். பொய் எதுவும் எழுதவில்லை என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன். சரிதான், பொய் குறைவு. எல்லோரையும் சந்தேகப்பட்டிருக்கிறேன். நடந்ததைச் சந்தேகப்பட்டிருக்கிறேன், இருமலைச் சந்தேகப்பட்டிருக்கிறேன். ரோகிணி மேடம் ஏன் இதையெல்லாம் கேட்கிறார் என்று ஓரிடத்திலும் சந்தேகம் வரவில்லை.

ஜனவரி 9ஆம் தேதிக் குறிப்பின் கடைசி வரியை இந்த நாட்குறிப்பில் நான் எழுதியிருக்கவில்லை. இப்போது எழுதுகிறேன்: "இந்த ஆட்களோடு எனக்கு எந்த அறிமுகமும் இல்லை."

சில வரிகளை நீக்கிவிட்டு அனுப்பலாமா? தோமெல் உளவாளி என்பதை. குடித்தார் என்பதை. மூன்று முறை திருத்தி எழுதினேன், மூன்று முறை அழித்தேன். அம்மா, "ஆபீஸ் போகலியா?" என்று நான்கு முறை கேட்டாள்.

மார்ச் 6, புதன்

பாக்கியநாதன் செட்டின் கொட்டகை எங்கள் வீட்டிலிருந்து ஏழு நிமிடம். இதுவரை போனதில்லை. இன்றும் விடுப்பு சொல்லிவிட்டுக் காலை பத்து மணிக்குப் போனேன். அவரும் எத்திராஜும் மட்டும் இருந்தார்கள், பெரிய டிரம்முக்குக் கயிறு இழுத்துக் கட்டிக்கொண்டு.

நின்றபடியே சொன்னேன். தினமும் எழுதினேன் என்று. கையெழுத்துப் போட்டேன் என்று. மேடையில் உங்கள் பெயர்களை விட்டுவிட்டேன் என்று.

எத்திராஜ் கயிற்றைக் கீழே போட்டார். "த்தூ. நம்ம தெருப் பொண்ணு."

"இருடா," என்றார் பாக்கியநாதன். "குந்தும்மா. படி."

"எல்லாத்தையுமா?"

"பின்ன?"

இங்கிலீஷில் இருந்ததைத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். என் குரலில் என் குறிப்பைக் கேட்க அசிங்கமாக இருந்தது. அறிமுகம் இல்லை என்ற வரி வந்ததும் நிறுத்தினேன். "மேல போ," என்றார். பன்னிரண்டாம் தேதி முனை பற்றிச் சொன்னது வந்தது. "நாலு அடி, சரி. ஆனா எங்க நைனா வச்சதுன்னு சொன்னேனே, போட்டியா?" போட்டிருந்தேன். "அவரு பேரு கேக்கவேயில்லியா நீ? சின்னப்பன்." எத்திராஜ், "நானு டீ குட்ச்ச கதைய எழுதுனியா?" என்றார். எழுதவில்லை. "அதான் முக்கியம். அத்த வுட்டுட்டியே."

பத்தொன்பதாம் தேதி வந்தது. வேகமாகப் படித்தேன். பாக்கியநாதன் கையைத் தூக்கினார்.

"மெதுவா. மது அருந்திவிட்டு, அப்பறம்?"

"நான்கு மணிக்கு வந்தார்."

"நாலு இல்ல, நாலரை. ஓட்டேரி சாவு லேட்டு."

"நம்பத்தக்கதல்லன்னு எழுதியிருக்கேன்," என்றேன். "அதை எடுத்துடறேன். குடிச்சதையும் எடுத்துடறேன்."

"எடுக்காத."

"உங்க பேருக்கு அசிங்கம்."

"குட்ச்சிட்டுத்தான் வந்தேன். அந்த எழவுல ஊத்துனாங்க, குட்ச்சேன். அத்த நீ எட்த்துட்டன்னா, மிச்சமும் நீ பூந்து எழுதுனதுன்னுவானுங்க. குடிகாரப்பய சொன்னான்னே இருக்கட்டும். சொன்னான் இல்ல?"

எத்திராஜ் கயிற்றை மறுபடி கையில் எடுத்தார்.

"தோமெல் பத்தியும் கேவலமா எழுதியிருக்கேன். அவர் படிப்பாரு," என்றேன்.

"படிக்கட்டும்."

"வேலை போயிடும்ணா."

அண்ணா என்று சொன்னது எனக்கே பிறகுதான் தெரிந்தது. போகாது என்று அவர் சொல்லவில்லை. பரவாயில்லை என்றும் சொல்லவில்லை.

"போவும்," என்றார். "அதான் நீயே வந்து நிக்கிற. நான் உன்ன அனுப்புன்னு சொல்ல மாட்டேன். சொன்னா நாளைக்கி உங்க அம்மா என்ன வையும். உனக்குத் தோணுனா அனுப்பு."

மார்ச் 7, வியாழன்

காலை அம்மாவுக்குத் தண்ணீர் பிடித்து வைத்தேன். எல்லாவற்றையும் அவளிடம் சொன்னேன். அவள் குடத்தின் வாயை மூடினாள். "கன்னியப்பன் சாவுல ஜன்னல சாத்துனியே, அதுக்கா?" என்றாள். ஆமாம் என்றும் இல்லை என்றும் சொன்னேன்.

வழக்கம்போல அலுவலகம் போனேன். என் மேசையில் உட்கார்ந்து எழுதினேன்: பிப்ரவரி 5இல் நான் கையெழுத்திட்ட அறிக்கை உண்மையல்ல. நடந்தது நடந்த அன்றே நான் எழுதிய இருபத்தொரு குறிப்புகளில் உள்ளது. ஒரு சொல்லும் மாற்றப்படவில்லை. அவற்றில் விருந்தினரையும் கலைஞர்களையும் பற்றிய என் கருத்துகள் தவறானவை, நிகழ்வுகள் சரியானவை. ஒரு திருத்தம்: ஜனவரி 19 அன்று பாக்கியநாதன் வந்தது நான்கரை மணிக்கு. நான் புளியந்தோப்பில் வசிக்கிறேன், அவர்களை எனக்குத் தெரியும்.

தோமெலுக்கும் இசைத்தட்டு நிறுவனத்துக்கும் அனுப்பினேன். மேடத்துக்கும் ஒரு நகல் வைத்தேன். பதினொன்று நாற்பது.

கண்ணாடிச் சுவருக்கு அந்தப் பக்கம் மேடம் திரையைப் பார்ப்பது தெரிந்தது. மேலிருந்து கீழே படித்தார். மறுபடி மேலே போனார். பிறகு போனை எடுத்தார்.

என் மேசையில் மணி அடித்தது. எடுத்தேன்.